விறகு விக்கிற பொம்பளைய குத்தம் சொல்லாதீங்க

ஆசிரியர் அய்யாவுக்கு வணக்கம்.

போன இதழ்ல கென்யா நாட்டு ககுமா அகதி முகாம் பத்தி வந்த கட்டுரைய ரெண்டு தடவை படிச்சேன். நல்லாத்தான் எழுதியிருந்தாங்க, ஆனா கடைசி பாராவுல "அகதிகள் வந்ததால காடு போச்சு, மிச்சத்த உள்ளூர்க்காரங்க வெட்டி விறகாவும் கரியாவும் விக்கிறாங்க, இந்த யாவாரத்தையே தடை பண்ணிட்டு மரக்கன்னு நடணும்"னு முடிச்சிருந்தீங்க. அத படிச்சதுல இருந்து மனசு கேக்கவே இல்ல, அதான் எழுதுறேன்.

நான் கமுதி பக்கத்துக்காரி. எங்கப்பா 30 வருஷம் கரிமூட்டம் போட்டவரு. சீமைக் கருவேல மரத்த ஏக்கர் கணக்குல பேசி வாங்கி, வெட்டி, துண்டு போட்டு, கோபுரம் மாதிரி அடுக்கி, மேல வைக்கோலும் செத்தையும் போட்டு மூடி, அதுக்கு மேல மண்ணு பூசி நெருப்பு வப்பாரு. அதுக்கப்புறம் அஞ்சாறு நாளு தூக்கமே கிடையாது. ராத்திரி எந்திரிச்சு எந்திரிச்சு போயி புகைய பாக்கணும், வெள்ளையா வந்தா இன்னும் ஈரம் இருக்குன்னு அர்த்தம், நீலமா மாறுச்சுன்னா ஓட்டைய அடைக்கணும், அசந்தா எங்கயாச்சும் மண்ணு உள்வாங்கி காத்து புகுந்துரும், விடிஞ்சு பாத்தா கரிக்கு பதிலா சாம்பல்தான் இருக்கும். நாலு டன்னு அஞ்சு டன்னு மரம் போட்டாத்தான் ஒரு டன்னு கரி தேறும். எங்கம்மா மூட்டம் பிரிக்கிற அன்னிக்கு முகத்துல துண்டு கட்டிக்கிட்டு கரி பொறுக்கும், கண்ணு மட்டும்தான் வெள்ளையா தெரியும். அந்தக் காசுலதான் நானும் என் தம்பியும் படிச்சோம்.

அந்தத் தம்பிதான் பின்னால சோலார் பம்பு மாட்டுற வேலைக்கு லோட்வார் போனான், துர்க்கானா மாவட்டத்துக்கு அதான் தலைநகரம், ககுமாவும் அந்த மாவட்டத்துலதான் இருக்கு. போன முதல் வாரமே ஒரு போட்டோ அனுப்பி "அக்கா, நம்ம ஊரு மரம் இங்கயும் நிக்குது பாரு"ன்னான். பாத்தா அதே சீமைக் கருவேலம்! அங்க அதுக்குப் பேரு மதெங்கே. 1980கள்ல வறட்சிய தடுக்கவும் விறகுக்கும்னு அரசாங்கமும் வெளிநாட்டு உதவித் திட்டங்களும் கொண்டாந்து நட்டது, நம்ம ஊருல நடந்த கதைதான். ஆடு மாடு நெத்த தின்னு போற எடமெல்லாம் சாணியில வெதச்சிருச்சு. கென்யாவுலயே பாரிங்கோங்கற பக்கத்து ஜனங்க 2006ல அரசாங்கத்து மேலயே கேஸ் போட்டாங்க, நெத்து தின்னு தின்னு பல்லு போன ஆட்டையே கோர்ட்டுக்குக் கூட்டிட்டு போனாங்களாம். எங்க ஊரு ஆளுங்களுக்கு அந்தத் தைரியம் வரல.

இப்ப விசயத்துக்கு வர்றேன். ககுமா முகாம் 1992ல சூடான்ல இருந்து நடந்து வந்த பிள்ளைங்களுக்காக ஆரம்பிச்சது, இன்னிக்கு தெற்கு சூடான், சோமாலியா, காங்கோ, எத்தியோப்பியா, புருண்டின்னு பல நாட்டு ஜனம், பக்கத்துல இருக்குற கலோபெயே அகதிக் குடியிருப்பையும் சேத்தா கிட்டத்தட்ட 3 லட்சம் பேரு. சுத்தி இருக்குற துர்க்கானா ஜனங்க ஆடு, மாடு, ஒட்டகம் மேச்சு பொழைக்கிறவங்க. தராச்னு ஒரு காட்டாறு, மழை பேஞ்சாத்தான் தண்ணி ஓடும், நம்ம குண்டாறு மாதிரி. அந்த ஆத்தங்கரை மரங்க மேல ஒவ்வொரு குடும்பத்துக்கும் பாத்தியதை உண்டு, எக்வார்னு சொல்லுவாங்க. எவோய்னு ஒரு வேலமரம், நம்ம குடைவேலம் மாதிரியே குடை விரிச்சு நிக்கும், கோடைல புல்லெல்லாம் கருகிப் போனா அந்த மரத்து நெத்துதான் ஆட்டுக்குத் தீனி. அதனால அந்த மரத்த அவ்வளவு லேசுல யாரும் பச்சையா வெட்ட மாட்டாங்க. அதாவது காட்ட காப்பாத்துற முறை அவங்களுக்கு ஏற்கனவே இருந்துச்சு, வெளியில இருந்து போயி யாரும் பாடம் எடுக்கத் தேவையில்லை. திடீர்னு ஒரு பெரிய டவுனு அளவு ஜனம் வந்து அடுப்பு பத்த வக்கிறப்ப அந்த முறை திணறிப் போச்சு, அதுதான் நடந்தது.

அகதிங்கள குத்தம் சொல்றதுலயும் நியாயம் இல்ல. மாவும் பயறும் ரேஷன்ல குடுப்பாங்க, அத வேகவைக்க என்ன பண்ணுவாங்க? குடுக்குற விறகு பத்தாது. காட்டுக்குள்ள போயி வெட்டவும் அவங்களுக்கு அனுமதி கிடையாது, போனா உள்ளூர்க்காரங்களோட தகராறு. சோமாலிய எல்லைல இருக்குற இன்னொரு முகாமான தடாப்ல விறகு பொறுக்கப் போன பொம்பளைங்க பலாத்காரத்துக்கு ஆளாகி, அதனாலயே 1998ல ஐநா அங்க விறகு குடுக்க ஆரம்பிச்சுது. அப்ப மிச்ச விறகையும் கரியையும் காசு குடுத்தோ, ரேஷன் சோளத்த குடுத்தோ துர்க்கானா பொம்பளைகிட்டதான் வாங்கணும். ஆடு செத்துப் போன வீட்டுல அந்தச் சோளந்தான் பிள்ளைங்களுக்கு ராத்திரி சாப்பாடு. உலக வங்கியும் ஐநா அகதிகள் அமைப்பும் 2016ல ஆய்வு பண்ணி, முகாம் இருக்குறதால அந்த வட்டாரப் பொருளாதாரம் 3 சதவீதத்துக்கு மேல கூடியிருக்குன்னு சொன்னாங்க, அதுல இந்த மாதிரி ஏழைங்க கைக்கு வர்றது பெரும்பாலும் விறகும் கரியும் வழியாத்தான். 2025ல ரேஷன வெட்டுனப்ப முகாம்ல போராட்டமே நடந்துச்சு, அகதி பட்டினின்னு செய்தி வந்தது, ஆனா கரி வாங்க ஆள் இல்லாம தலைச்சுமையோட திரும்பிப் போன உள்ளூர் பொம்பளைய பத்தி எந்தப் பேப்பர்லயும் நான் படிக்கல.

இந்த யாவாரத்த தடை பண்ணிட்டா என்ன ஆகும்? அதையும் கென்யா பாத்தாச்சு. 2018ல அரசாங்கக் காட்டுலயும் ஊர்ப் பொதுக் காட்டுலயும் மரம் வெட்டத் தடை போட்டாங்க, 2023 வரைக்கும் இருந்துச்சு. அதனால யாராச்சும் சமைக்காம இருந்தாங்களா? கரி ராத்திரில போச்சு, அவ்வளவுதான். திருட்டுத்தனமா விக்கிறப்ப எவனோ சொன்ன வெலைக்குத்தான் தள்ளிவிட முடியும், எந்த மரத்த வெட்டுனாங்கன்னு கேக்கவும் ஆள் இருக்காது.

வெட்டட்டும், ஆனா எத வெட்டுறதுங்கறதுதான் பேச்சா இருக்கணும்ங்கறேன். எவோய் மரத்துல கை வைக்கக் கூடாது. மதெங்கே எவ்வளவு வேணா வெட்டலாம், வேரோட தோண்டி எடுத்தா இன்னும் நல்லது, ஏன்னா அடிய விட்டுட்டு வெட்டுனா ஒண்ணு பத்தா துளுக்கும், எங்கப்பா மூணு வருஷத்துக்கு ஒரு தடவை அதே தோட்டத்துல போயி வெட்டுவாரு. வேரு தோண்டுறது சாமானிய வேலை இல்ல, அதுக்குத் தனியா கூலி குடுக்கணும், விறகு வெலைல அது கட்டாது. கென்யால 2009லயே கரி சுட்டு விக்கிறவங்க சங்கமா சேந்து பதிவு பண்ணணும்னு சட்டம் வந்துச்சு, அந்தச் சங்கத்துல துர்க்கானா பொம்பளைங்கள சேத்து, எந்த ஆத்தங்கரைல எக்வார் யாருக்குன்னு பெரியவங்கள கேட்டு முடிவு பண்ணி, முகாமுக்கு வாங்குற விறகயும் கரியயும் கட்டுக் கணக்குல இல்லாம எடை போட்டு வாங்கணும். கூடவே நல்ல மூட்டம் போடப் பழக்கணும், காத்துப் புகுந்து சாம்பலாப் போற ஒவ்வொரு மூட்டமும் சும்மா போன மரந்தானே. அடுப்பும் அப்படித்தான், உள்ள களிமண் பூசுன ஜிகோ அடுப்பு கென்யால 1980கள்லயே வந்தது, பழைய தகர அடுப்ப விட பாதி வரைக்கும் கரி மிச்சம் ஆகும்னு சொல்றாங்க, அது அகதி வீட்டுக்கும் உள்ளூர் வீட்டுக்கும் சேத்துக் கிடைக்கணும். ஒரு பக்கம் மட்டும் குடுத்தா அடுத்த பக்கத்துக்கு வயிறு எரியத்தான் செய்யும்.

இதுல ஒரு சிக்கல் இருக்கு, அத மறைக்க விரும்பல. ஒரு மரத்த வச்சு பொழப்பு ஓடுச்சுன்னா அது ஒழியணும்னு யாருக்கும் தோணாது. எங்க வீட்டுலயே அப்படித்தான். 2017ல கோர்ட்டு உத்தரவு போட்டு எங்க மாவட்டத்துல ஜேசிபி வச்சு சீமைக் கருவேலத்த புடுங்குனப்ப எங்கப்பா திண்ணைல உக்காந்து ஒண்ணும் பேசாம பாத்துக்கிட்டே இருந்தாரு. நிலத்தடி தண்ணிக்கு நல்லதுன்னு அவருக்கும் தெரியும். ஆனா மூட்டக்காரங்களுக்கு அடுத்து என்ன வழின்னு ஒருத்தரும் வந்து கேக்கல. ஒரு கூட்டம் போட்டு, மரத்த எடுத்த எடத்துல என்ன வைக்கலாம், அது காய்க்கிற வரைக்கும் யாரு சோறு போடுறதுன்னு பேசியிருந்தா அவரே முதல் ஆளா கடப்பாரை எடுத்திருப்பாரு. ககுமால அந்தத் தப்ப பண்ணக் கூடாது. மரக்கன்னு நடுறவங்க, அந்தக் கன்னு ஆடு எட்டாத உயரத்துக்கு வர்ற வரைக்கும் தண்ணி ஊத்துற பொம்பளைக்கு மாசம் எவ்வளவுன்னு மொதல்ல சொல்லட்டும்.

அடுத்த தடவ உங்க நிருபர் அங்க போனா கரி விக்கிற ஒரு அம்மாகிட்ட மூட்டை என்ன வெல, போன வருஷம் என்ன வெல, எங்க இருந்து கொண்டாறீங்கன்னு கேட்டு எழுதச் சொல்லுங்க.

இன்னொன்னு. கட்டுரையோட போட்ட படத்துக்குக் கீழ "அழியும் நிலையில் உள்ள வேலமரம்"னு எழுதியிருக்கீங்க. அது வேலமரம் இல்லய்யா, மதெங்கே, நம்ம சீமைக் கருவேலம். எவோய்க்கு நெத்து சுருண்டு சுருண்டு கிடக்கும், படத்துல இருக்குறதுக்கு மஞ்சளா நீட்டமா தொங்குது. அடுத்த இதழ்ல திருத்தம் போட்டுருங்க.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
கமுதி.