மஞ்சள் கறுக்காவிட்டால் நல்ல காளானா?

ஆசிரியருக்கு வணக்கம்.

மழைக்கு முளைக்கும் காட்டுக் காளான் பற்றிப் போன வாரம் உங்கள் பத்திரிகையில் வந்த கட்டுரையைப் படித்தேன். குழம்பில் ஒரு துண்டு மஞ்சளைப் போட்டு, அது கறுத்தால் விஷம், கறுக்காவிட்டால் தாராளமாகச் சாப்பிடலாம் என்று அதில் இருந்தது. தயவுசெய்து இதைத் திருத்திப் போடுங்கள். மஞ்சளோ பூண்டோ வெள்ளிக் காசோ காளான் விஷத்தைக் காட்டிக்கொடுக்காது. பூச்சி அரித்திருந்தால் நல்ல காளான் என்பதும் தப்பு, நத்தை தின்றுவிட்டுச் சும்மா ஊர்ந்துபோகிற காளானே மனிதனின் கல்லீரலைக் கெடுத்துவிடும்.

இவ்வளவு அழுத்திச் சொல்லக் காரணம் இருக்கிறது. மூன்று வருஷத்துக்கு முன், ஐப்பசி மழையில், எங்கள் மாந்தோப்பு ஓரம் புல்லுக்குள் வெள்ளை வெளேரென்று நாலைந்து குடை விரிந்திருந்தது. என் மாமியார் சின்ன வயசிலிருந்து, கரையான் புற்றில் முளைக்கும், சாப்பிடுகிற புத்துக் காளான் பறித்தவர், அவருக்கே சந்தேகம் வரவில்லை. அரிவாளால் தரையோடு அறுத்துக்கொண்டு வந்தார், மஞ்சளும் போட்டுப் பார்த்தார், கறுக்கவில்லை. களிக்குத் தொட்டுக்கொண்டு சாப்பிட்டோம். இரண்டு மணி நேரம்கூட ஆகவில்லை, எனக்கும் அவருக்கும் என் சின்னவனுக்கும் வாந்தி, பேதி, நிற்கவே இல்லை. ஆஸ்பத்திரியில் டாக்டர் என்ன காளான் என்று கேட்டபோது காட்ட ஒரு துண்டுகூட மிச்சம் இல்லை.

ஊர் திரும்பியதும் தோப்புக்குப் போய்ப் பார்த்தேன். அறுக்காமல் விட்ட ஒன்று நன்றாக முற்றியிருந்தது. மேலே பழுப்புச் செதில், தண்டில் மோதிரம் மாதிரி ஒரு வளையம், திருப்பினால் அடி மடிப்பெல்லாம் பாசி பிடித்தது போலப் பச்சை. அப்புறம்தான் விசாரித்துத் தெரிந்துகொண்டேன், அதன் பெயர் குளோரோபில்லம் மாலிப்டைட்டிஸ். இளசாக இருக்கும்போது அந்த மடிப்பும் வெள்ளையாகத்தான் இருக்குமாம், அதனால்தான் ஏமாந்தோம். வேகவைத்துவிட்டோம் என்றும் இதை நம்ப முடியாது.

பெரிய புத்துக் காளானை அறுக்காமல் சுற்றித் தோண்டி எடுத்துப் பாருங்கள், தண்டு வேர் போல நீண்டு கரையான் கூடு வரைக்கும் இறங்கியிருக்கும். இந்த நாய்க்குடைக்கு அப்படி வேர் கிடையாது. வளையத்தை மட்டும் வைத்து முடிவு செய்யாதீர்கள், புத்துக் காளானிலும் சில வகைக்கு வளையம் உண்டு. இன்னொரு வழி, தண்டை நீக்கிவிட்டுக் குடையை வெள்ளைத் தாளில் கவிழ்த்து, மேலே ஒரு பாத்திரத்தை மூடி ராத்திரி முழுக்க விட்டால் காலையில் தூள் படிந்திருக்கும். புத்துக் காளானுக்கு வெளிர் ரோஸ், இதற்குப் பச்சை. பச்சை இல்லையே என்று சாப்பிட்டுவிடவும் கூடாது, உலகத்தில் அதிகம் பேரைக் கொன்ற அமானிட்டா வகைக்குத் தூள் வெள்ளைதான். அதைத் தின்றால் ஆறு மணி நேரத்துக்கு மேல் ஒன்றுமே தெரியாது, அப்புறம் வாந்தி வரும், நடுவில் ஒரு நாள் தேறியது போல இருந்து பிறகு கல்லீரல் போகும். 2022 ஏப்ரலில் அசாமில் காட்டுக் காளான் தின்று 13 பேர் இறந்தார்கள்.

பென்னாகரம், அஞ்செட்டி, சித்தேரி மலைப் பக்கமெல்லாம் மழை வந்தால் காளான் பறிப்பவர்கள் நிறைய. அவர்கள் வீட்டுக்கும் உங்கள் பத்திரிகை போகிறது. சமைக்கும் முன் ஒரு காளானை அடியோடு, வேகவைக்காமல், காகிதத்தில் சுற்றித் தனியே எடுத்து வைக்கச் சொல்லுங்கள். வயிறு புரட்டினால் 108-ஐக் கூப்பிட்டு அதையும் கையோடு கொண்டுபோகட்டும். அடுத்த மழைக்குள் இரண்டு காளானின் கலர் படத்தையும் பக்கத்தில் பக்கத்தில் போடுங்கள். முக்கியமாக அடிப்பக்கமும் வேரும் தெரிகிற மாதிரி, மேல் குடையை மட்டும் போட்டால் இரண்டும் ஒன்று போலத்தான் இருக்கும்.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
போச்சம்பள்ளி, கிருஷ்ணகிரி மாவட்டம்.