வானவன்மாதேவி ஈஸ்வரத்தைக் காட்டாமல் எங்களைத் திருப்பிக் கூட்டி வந்தது குறித்து, மூன்றாவது முறையாக

மதிப்பிற்குரிய மேலாளர் அவர்களுக்கு,

வணக்கம். இதே விஷயமாக நான் அனுப்பும் மூன்றாவது கடிதம் இது. முதல் இரண்டுக்கும் "உங்கள் புகார் பதிவு செய்யப்பட்டது" என்று ஒரு எண்ணும், பிறகு ஒரு வரிப் பதிலும் வந்ததோடு சரி. நடுவில் ஒன்பது தடவை போன் செய்தேன், ஒரு தடவை நேரிலும் வந்தேன். மறுபடி போன் செய்து அந்தப் பாட்டைக் கேட்டுக்கொண்டு காத்திருக்க எனக்குத் தெம்பில்லை. எல்லாவற்றையும் எழுதிவிடுகிறேன். தயவுசெய்து கடைசி வரை படியுங்கள்.

பிப்ரவரியில் உங்கள் நான்கு நாள் இலங்கை சைக்கிள் பயணத்தில் நானும் என் அப்பாவும் வந்தோம். ஆளுக்கு 52,000 ரூபாய், விமானச் செலவு தனி. குழுவில் எட்டுப் பேருக்கு மேல் கிடையாது, தமிழ் பேசும் வழிகாட்டி, பின்னாலேயே வேன் என்பதெல்லாம் உங்கள் விளம்பரத் தாளில் உள்ளவை. அந்தத் தாளின் முகப்பில் எந்தப் படத்தைப் போட்டிருக்கிறீர்கள் என்பதும் உங்களுக்குத் தெரியும். இலங்கையின் பழைய தலைநகரான பொலன்னறுவையில் இருக்கும் இரண்டாம் சிவ தேவாலயம், அதாவது வானவன்மாதேவி ஈஸ்வரம். அந்தப் படத்தைப் பார்த்துத்தான் பணம் கட்டினோம். அந்தக் கோயிலை எங்களுக்குக் காட்டவில்லை. புகார் இதுதான்.

இதை உங்கள் வாடிக்கையாளர் சேவையில் பேசிய ஒருவரிடம் சொன்னபோது அவர் சொன்ன பதிலை அப்படியே எழுதுகிறேன். "மேடம், எல்லாமே இடிஞ்ச கல்லுதான். ஒண்ணு பார்த்தா என்ன, ஒண்ணு விட்டா என்ன?" மார்ச் 11, மாலை நாலரை மணி. உங்கள் அழைப்புகள் பதிவு செய்யப்படுவதாக ஆரம்பத்திலேயே சொல்கிறீர்களே, எடுத்துக் கேளுங்கள். நான் ஸ்பீக்கரில் போட்டிருந்தேன். அப்பா பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். ஒன்றும் சொல்லாமல் எழுந்து உள்ளே போய்விட்டார்.

அப்பாவைப் பற்றிச் சொன்னால்தான் உங்களுக்குப் புரியும். அவர் 34 வருஷம் தபால்காரராக இருந்து ஓய்வு பெற்றவர். அத்தனை வருஷமும் சைக்கிள்தான். சோழர் கோயில்களைத் தேடிப் போய்ப் பார்ப்பது அவருடைய ஒரே பொழுதுபோக்கு. லீவு கிடைத்தால் சைக்கிளைப் பஸ் கூரையில் ஏற்றிவிட்டு ஏதாவது ஒரு கிராமத்துக்குக் கிளம்பிவிடுவார். கல்வெட்டுகளைப் பார்த்து எழுதிக்கொள்ள ஒரு நீளமான கணக்கு நோட்டு வைத்திருக்கிறார். அதில் எனக்கு விவரம் தெரிவதற்கு முன்பே ஒரு பக்கத்தின் தலைப்பில் 'வானவன்மாதேவி ஈஸ்வரம், பொலன்னறுவை' என்று எழுதி, கீழே முழுவதையும் காலியாக விட்டிருந்தார். நேரில் போய்ப் பார்த்துவிட்டு எழுத வேண்டும் என்று விட்ட இடம். இப்போது அவருக்கு 67 வயது. இன்றைக்கும் அந்தப் பக்கம் காலியாகத்தான் இருக்கிறது.

அப்புறம், "சிவன் கோயிலைக் காட்டியாச்சே" என்று நீங்கள் அனுப்பிய ஒரு வரிப் பதில். அன்றைக்கு எங்களுக்குக் காட்டியது முதலாம் சிவ தேவாலயம். தலதா மளுவ என்ற புனித வளாகத்துக்குப் பக்கத்திலேயே இருப்பது, சாலையிலிருந்தே தெரிவது. அது 13ஆம் நூற்றாண்டில் பாண்டியர் பாணியில் கட்டியது. கல்லுக்கும் கல்லுக்கும் நடுவே நகம்கூட நுழையாதபடி இழைத்த அருமையான வேலை, இல்லையென்று சொல்லவில்லை. ஆனால் மேலே கூரை இல்லை. நாங்கள் கேட்டது இரண்டாவது கோயிலை. அது 11ஆம் நூற்றாண்டில் சோழர்கள் கட்டியது, அடியிலிருந்து உச்சி வரை கல்லாகவே முழுசாக நிற்பது. ராஜராஜனின் தேவி, ராஜேந்திரனின் தாய், அந்த வானவன்மாதேவியின் பெயரைத் தாங்கிய கோயில். பொலன்னறுவையை ஜனநாதமங்கலம் என்று சோழர்கள் அழைத்த காலத்தில் எழுந்தது. சிங்கள மன்னன் விஜயபாகு 1070இல் சோழர்களை வெளியேற்றிய பிறகும் இடிபடாமல் நின்றது. சோழ மன்னன் அதிராஜேந்திரன் காலத்துத் தமிழ்க் கல்வெட்டு அதில் இருக்கிறது. இரண்டு கோயிலுக்கும் நடுவே இருநூறு வருஷ இடைவெளி. இந்த ஊருக்குப் பயணம் நடத்துகிற உங்களுக்கு இது தெரியாமல் இருக்க முடியாது. தெரிந்தும் "சிவன் கோயில்" என்று ஒரே சொல்லில் மழுப்புவதுதான் எனக்கு ஆறவில்லை.

அன்றைக்கு நடந்தது இது. ஏழு மணிக்குக் கிளம்ப வேண்டியவர்கள் ஒன்பதே முக்காலுக்குக் கிளம்பினோம். காரணம் சைக்கிள். எட்டுப் பேர் என்று சொன்ன குழுவில் பதினான்கு பேர், வந்திருந்தது பன்னிரண்டு சைக்கிள். மீதி இரண்டை எங்கிருந்தோ வாடகைக்குக் கொண்டுவந்தார்கள். அதில் ஒன்றுதான் அப்பாவுக்குக் கிடைத்தது. அவர் அதைத் தூக்கி, பின் சக்கரத்தை ஒரு சுற்றுச் சுற்றிவிட்டு, "கோட்டம் இருக்கும்மா, பிரேக் கட்டையும் ஒரு பக்கம் தேய்ஞ்சு போச்சு" என்றார். வழிகாட்டியிடம் காட்டினோம். ஸ்பேனர் வேனில் இருக்கிறது என்றார். வேன் எங்கே என்று கேட்டால், வரும் என்றார். அந்த வேனைச் சாயங்காலம்தான் பார்த்தோம். முதல் நாள் தலைக்கவசத்தில் பெயர் ஒட்டிக் கொடுப்பதிலும் நீலப் பை கொடுத்துப் படம் எடுப்பதிலும் காட்டிய அக்கறையில் பாதியைச் சைக்கிளில் காட்டியிருக்கலாம்.

வழிகாட்டி மேல் எனக்குக் கோபம் இல்லை. நல்ல மனிதர். அவருக்குச் சிங்களமும் ஆங்கிலமும்தான் தெரியும், அது அவருடைய தவறா? வட்டதாகே என்ற வட்டமான புத்தர் கோயிலில் செருப்பைக் கழற்றிவிட்டு ஏறியபோது கல் கொதித்தது. பதினோரு மணி வெயில், நடக்க முடியவில்லை. அவர் தன் சாக்ஸைக் கழற்றி அப்பாவிடம் நீட்டினார். இதையும் எழுதுவது நியாயம் என்பதால் எழுதுகிறேன்.

கல் பொத்தவுக்கு முன்னால் முக்கால் மணி நேரம் நின்றோம். நிசங்கமல்லன் என்ற மன்னனின் அந்தக் கல் புத்தகம் இருபத்தைந்து டன் எடை என்பதைத் திரும்பத் திரும்பச் சொன்னார்கள், எல்லோரும் படம் எடுத்துக்கொண்டார்கள். பக்கத்தில் அட்டதாகே என்ற பழைய கட்டடத்தை ஒட்டி வேளைக்காரர் கல்வெட்டு நிற்கிறது. நல்ல தமிழ்க் கல்வெட்டு. புத்தரின் தந்த தாதுக் கோயிலைக் காப்போம் என்று தமிழ்ப் படை வீரர்கள் கொடுத்த வாக்கு அதில் இருக்கிறது. அதைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. அப்பாதான் கண்டுபிடித்து, மண்டியிட்டு, விரலைக் கல்லில் படாமல் ஓட்டியபடி எழுத்துக் கூட்டி வாசித்தார். நாலு வரி தாண்டுவதற்குள் விசில் ஊதிவிட்டார்கள். தமிழ் பேசும் வழிகாட்டி என்று பணம் வாங்கினீர்களே, அந்தக் கல்லின் முன்னால் நின்று சொல்ல ஒருவர்கூட இல்லாமல் போனது எப்படி?

அங்கிருந்து வடக்கே கொஞ்ச தூரம் போனால் வலது பக்கம் ஒரு பாதை பிரிகிறது. பபலு விகாரைக்கும் அதைத் தாண்டி நம் கோயிலுக்கும் போகும் பாதை. அப்பாவுக்கு அது மனப்பாடம். கையைக் காட்டிவிட்டுத் திரும்பினார். வழிகாட்டி பின்னாலிருந்து கத்தி நிறுத்தினார். நேரம் இல்லை, வழித்தாளில் இல்லை என்றார். நான் அந்தத் தாளை வாங்கிப் பார்த்தேன். உங்கள் முத்திரை போட்ட தாள். ரன்கொத் விகாரை, லங்காதிலக, கல் விகாரை, பிறகு மதியம் 1.30 மரச்சிற்பக் கடை, 2.45 சாப்பாடு. இரண்டாம் சிவ தேவாலயம் அதில் இல்லவே இல்லை. முகப்பில் படமாகப் போட்டு விற்ற கோயில், போகும் இடங்களின் பட்டியலில் இல்லை! அந்தத் தாளின் படத்தை மூன்று தடவை உங்களுக்கு அனுப்பிவிட்டேன்.

சைக்கிளை மிதித்தால் ஐந்து நிமிஷம் ஆகியிருக்காது. நாங்கள் இருவர் மட்டும் போய்வருகிறோம் என்று கெஞ்சினேன். குழுவை விட்டுப் பிரிந்தால் கம்பெனி பொறுப்பேற்காது என்று நாங்கள் கையெழுத்துப் போட்ட படிவத்தைக் காட்டினார். அப்பாவும் "விடும்மா, அவருக்கு வேலை போயிடும்" என்று சொல்லிவிட்டார். மரச்சிற்பக் கடையில் ஒன்றேகால் மணி நேரம் இருந்தோம். அங்கே மட்டும் யாரும் விசில் ஊதவில்லை.

கல் விகாரை போகும் வழியில் அப்பாவின் சைக்கிளில் செயின் கழன்று, பிரேக் பிடிக்காமல், அவர் சரிந்து விழுந்தார். முழங்கை சிராய்த்து, வலது முட்டி வீங்கிவிட்டது. பதினான்கு மீட்டர் நீளத்துக்குப் படுத்திருக்கும் அந்தப் புத்தரை, தலையணையில் தலை அழுந்திய பள்ளம் வரை கல்லில் செதுக்கியிருக்கிறார்களே, அதைக்கூட அவர் தூரத்தில் மரத்தடியில் உட்கார்ந்துதான் பார்த்தார். சிகிரியா மலைக்கோட்டையை ஓட்டல் ஜன்னலிலிருந்து பார்த்ததோடு சரி. இரண்டு மாதம் ஆகிறது, இன்னமும் படி ஏறினால் வலிக்கிறது. இனிமேல் அவர் அங்கே போய்ச் சைக்கிள் மிதிப்பது நடக்காது. எங்கள் வரையில் இந்தப் பயணமே பாழ். ஒரு வாழ்நாள் ஆசையை அழித்துவிட்டீர்கள் என்றுதான் சொல்வேன், கொஞ்சமும் கூட்டிச் சொல்லவில்லை.

ஏப்ரல் 3ஆம் தேதி உங்கள் அலுவலகத்துக்கு நேரில் வந்தேன். வரச் சொன்னது உங்கள் ஆள்தான். அசல் ரசீதும் மருத்துவச் சீட்டும் கொண்டுவந்தால் அன்றைக்கே முடித்துத் தருவதாகச் சொன்னார். லீவு போட்டு, இரண்டரை மணி நேரம் பஸ்ஸில் வந்தேன். பதினொன்றிலிருந்து மூன்று மணி வரை அந்த பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார வைத்துவிட்டு, புகார் பிரிவு இந்தக் கிளையில் இல்லை, மெயில்தான் அனுப்ப வேண்டும் என்றார்கள். இதை முதலிலேயே சொல்லியிருக்கக் கூடாதா? வாசல் வரை வந்த பிறகு ஒரு பெண் பின்னாலேயே ஓடிவந்து, அடுத்த பயணத்தில் கழித்துக்கொள்ளும்படி 1,500 ரூபாய்க்கு ஒரு கூப்பன் கொடுத்தார். அதை இந்தக் கடிதத்தோடு திருப்பி அனுப்புகிறேன்.

முகப்புப் படத்தைப் பற்றிக் கேட்டதற்கு "அது மாதிரிப் படம் மேடம்" என்றவரும் அதே மார்ச் 11 ஆள்தான். பேசி முடிப்பதற்குள் போனை வைத்தவரும் அவரே. அவர் வாயால் மன்னிப்புக் கேட்க வேண்டும், என்னிடம் இல்லை, அப்பாவிடம்.

நான் கேட்பதைத் தெளிவாகச் சொல்லிவிடுகிறேன். இருவரின் கட்டணம் 1,04,000 ரூபாயும் திரும்ப வேண்டும், அப்பாவின் மருத்துவச் செலவு 6,340 ரூபாயும் வேண்டும். விமானச் செலவையும் எங்கள் மன உளைச்சலையும் சேர்த்தால் இரண்டு லட்சத்துக்குக் குறையாது, ஆனால் நான் அதைக் கேட்கவில்லை. அந்த விளம்பரத் தாளிலிருந்து கோயில் படத்தை எடுங்கள், இல்லாவிட்டால் பயணத்தில் அந்தக் கோயிலைச் சேருங்கள். சேர்ப்பதுதான் எனக்குச் சந்தோஷம். அங்கே போக ஏங்குகிறவர்கள் இங்கே நிறையப் பேர் இருக்கிறார்கள்.

நல்ல முறையில் முடியும் என்று இன்னமும் நம்புகிறேன். உங்களில் யாராவது ஒருவர் பொறுமையாக உட்கார்ந்து இதைப் படித்தால் போதும். பதினைந்து நாள் காத்திருப்பேன். அதற்குள் பதில் வராவிட்டால் 1915 என்ற நுகர்வோர் உதவி எண்ணில் பதிவு செய்துவிட்டு, மாவட்ட நுகர்வோர் ஆணையத்துக்குப் போவேன். 2019ஆம் ஆண்டுச் சட்டப்படி நான் குடியிருக்கும் மாவட்டத்திலேயே வழக்குப் போடலாம். உங்கள் ஊருக்கு நான் வர வேண்டியதில்லை, நீங்கள்தான் வர வேண்டியிருக்கும். இலங்கைச் சுற்றுலா அபிவிருத்தி அதிகார சபைக்கும் ஒரு பிரதி போகும். விளம்பரத் தாள், வழித்தாள், சைக்கிளின் படம், ரசீதுகள் எல்லாம் ஒரே கோப்பில் தயாராக இருக்கின்றன.

பதிலைக் கடிதமாகவே அனுப்புங்கள். போனில் வேண்டாம். எங்கள் வீட்டில் தபாலை வாசலில் நின்று வாங்குவது அப்பாதான்.

இப்படிக்கு,
பிப்ரவரி நான்கு நாள் பயணத்தில் அப்பாவோடு வந்த மகள்

இணைப்பு: 1,500 ரூபாய் கூப்பன், வழித்தாள் நகல், மருத்துவச் சீட்டு நகல்