மூக்கோரத்துல ஒரு கோடு

ஆசிரியருக்கு வணக்கம். போன ஞாயிறு கல்யாண மேக்கப் பத்தி வந்த கட்டுரையில, முக வடிவத்தை மாத்திக் காட்டுற கான்டூரிங்னா என்னமோ மந்திரம் மாதிரி எழுதியிருந்தீங்க. மந்திரமெல்லாம் இல்லீங்க, வெறும் நிழலும் வெளிச்சமும்தான். நம்ம தோல் கலரை விட ரெண்டு ஷேடு டார்க்கா, லேசா சாம்பல் ஓடுன பிரவுனை மூக்குக்கு ரெண்டு பக்கமும் இழுத்து நல்லா பிளெண்ட் பண்ணி, நடுத்தண்டுல மெல்லிசா லைட் கலர் வச்சா கண்ணு அதை ஒல்லி மூக்குன்னு நம்பிடும், கன்ன எலும்புக்குக் கீழ போட்டா கன்னம் ஒட்டுன மாதிரி தெரியும். நாடகக்காரங்க ரொம்ப காலமா பண்றதுதான், 2012ல அமெரிக்க டிவி நட்சத்திரம் கிம் கர்தாஷியான் முகத்துல இந்த மேக்கப் கோடுங்களோட ஒரு போட்டோ போட்டாங்க, அப்புறம் எல்லாரும் கோடு போட ஆரம்பிச்சிட்டாங்க.

என் தங்கச்சி ரிசப்ஷனுக்கு வந்த மேக்கப் அக்கா கையில இருந்தது வெள்ளைத் தோலுக்கான பேலட் (மேக்கப் கலர் டப்பா). எங்க மாநிறத்துல அது நிழலாவே விழல, சரின்னு அப்பு அப்புன்னு அப்பி கடைசியில மூக்கோரம் துரு புடிச்ச மாதிரி ஆயிடுச்சு, நேரா பாத்தா பரவால்ல, வீடியோ லைட்டுல பக்கவாட்டுல திரும்புனா கோடு தனியா நிக்குது. எங்க சித்தி மேடையிலயே "என்னடி மூக்குல அழுக்கு"ன்னு முந்தானையை எடுத்துட்டு வந்துட்டாங்க! (அது எங்க அப்பத்தா மூக்கு, அதை எதுக்கு ஒல்லியாக்கணும்னு எனக்கு இன்னும் புரியல.)

அடுத்த வாரமாச்சும் மாநிறம், கறுப்புக்கு என்ன ஷேடு எடுக்கணும்னு போடுங்க, முதல்ல பகல் வெளிச்சத்துல ட்ரையல் பாக்கணும்னும் சேத்து போடுங்க.

இப்படிக்கு,
ஒரு வாசகி, மதுரை