பாப்பாவுக்கு, அந்த மெட்டைப் பற்றி

அன்புள்ள பாப்பாவுக்கு,

நேற்று போனில் அவசரமாகப் பேசினாய், நான் பதிலை முடிக்கவில்லை. ஆபீஸ் தோழி போட்ட பழைய ஹிந்திப் பாட்டு நம்ம 'பூவண்ணம் போல நெஞ்சம்' மாதிரியே இருக்கிறது, யாரைப் பார்த்து யார் போட்டது என்று கேட்டாய். யாரும் யாரையும் பார்த்துப் போடவில்லை அம்மா. இரண்டுமே இசையமைப்பாளர் சலீல் சௌத்ரி போட்ட மெட்டுதான். நீ இப்போது இருக்கிற வங்காளத்துக்காரர்.

ஹிந்தியில் அது 'சோட்டி சி பாத்' படத்தில் வந்தது. 1979இல் பாலு மகேந்திராவின் 'அழியாத கோலங்கள்' படத்துக்காக ஜெயச்சந்திரனும் சுசீலாவும் அதைத் தமிழில் பாடினார்கள். உன்னைத் தொட்டிலில் போட்டு அம்மா முணுமுணுத்தது அதைத்தான்.

சலீலுடைய அப்பா அஸ்ஸாம் தேயிலைத் தோட்டத்து டாக்டர். வீட்டுக்குள் கிராமபோனில் மொசார்ட், பீத்தோவன்; வெளியே தோட்டத் தொழிலாளிகளின் பாட்டு. சின்ன வயதிலேயே இரண்டும் காதில் ஏறிவிட்டன. மொசார்ட்டின் 40ஆவது சிம்பொனியின் தொடக்கத்தை 'சாயா' படத்தில் காதல் பாட்டாகவே மாற்றியிருக்கிறார். கேட்டுப் பார், ஒட்டுப்போட்ட மாதிரியே இருக்காது.

ஆனால் என் மனதில் நிற்பது சினிமாவுக்கு முந்தைய சலீல். வங்காளத்தில் 1943இல் பஞ்சம் வந்து லட்சக்கணக்கில் ஜனங்கள் செத்தார்கள். அந்தக் காலத்து இளைஞர் அவர். இப்டா என்ற இடதுசாரி மக்கள் நாடக இயக்கத்தில் சேர்ந்து விவசாயிகளுக்காகப் பாட்டு எழுதினார், மெட்டும் போட்டார். 1949இல் ஹேமந்த் குமார் பாடிய 'காயேர் போது' வந்தது. ஒரு கிராமத்து மருமகளின் நிறைந்த வீடு பஞ்சத்தில் அழிந்துபோகிற கதை. ஒரு பக்கத்தில் அடங்காமல் இசைத்தட்டின் இரண்டு பக்கமும் ஓடும். முதல் பக்கத்தில் நெல்லும் சிரிப்புமாக இருக்கிற வீடு, தட்டைத் திருப்பிப் போட்டால் இல்லை.

அப்புறம் பம்பாய். 1953இல் வந்த 'தோ பிகா ஜமீன்' படத்துக்கு இசை மட்டுமல்ல, கதையும் அவருடையதுதான். நிலத்தை மீட்க நகரத்துக்கு வந்து ரிக்‌ஷா இழுக்கிற விவசாயி. 'மதுமதி', 'ஆனந்த்', மலையாளத்தில் 'செம்மீன்' எல்லாம் உனக்கே தெரியும். நம்ம இளையராஜா அவர் குழுவில் கிடார் வாசித்திருக்கிறார். 1995 செப்டம்பரில், நீ இருக்கிற கொல்கத்தாவில்தான் காலமானார்.

'காயேர் போது' கதை எனக்குத் தெரியும், வரிக்கு வரி தெரியாது. உன் தோழியிடம் கேட்டு எழுதி அனுப்பு. அம்மாவும் நானும் அதைக் கையில் வைத்துக்கொண்டு இன்னொரு முறை கேட்கிறோம்.

அன்புடன்,
அப்பா