நீ வெட்டிய நாற்பது வினாடி

கண்ணு,

தாத்தாவைப் பற்றி நீ எடுத்து அனுப்பிய படத்தை இரண்டு தடவை பார்த்துவிட்டேன். முதல் தடவை தாத்தா குரல் வந்ததுமே அழுதுவிட்டேன், பாதி மனதில் ஏறவில்லை. மணிப்பூர் மொய்ராங் காட்சிகள் அழகுதான். ஆனால் 1944 ஏப்ரல் 14 அன்று அங்கே நேதாஜியின் இந்திய தேசிய ராணுவக் கொடி ஏறியபோது உன் தாத்தா மலாயாவில் பயிற்சியில்தான் இருந்தார். அவர் சண்டையைப் பார்த்தது 1945-இல், பர்மாவில் ஐராவதிக் கரையிலும் போப்பா மலையிலும். கொடியைக் காட்டி அவர் குரலை ஓட்டினால், அவரும் அங்கே நின்றார் என்றுதான் பார்ப்பவர்கள் நினைப்பார்கள். அவருக்கும் அப்படிச் சொல்லிக்கொள்ள ஆசைதான், அது வேறு விஷயம்.

நான் எழுத உட்கார்ந்தது அதற்காக இல்லை. கேசட்டில் "நேதாஜி கூப்பிட்டார், போனேன்" என்று சொல்லிவிட்டுத் தாத்தா சும்மா இருப்பார். நாற்காலிக் கையை நகத்தால் தட்டுகிற சத்தம் மட்டும் கேட்கும். அப்புறம் டக்கென்று டேப் நிற்கும். அந்த நாற்பது வினாடியை நீ வெட்டிவிட்டாய். பேச்சே இல்லையே, வெட்டத்தான் தோன்றும்.

நிறுத்தியது நான். நிறுத்தச் சொல்லிக் கையைக் காட்டியது அவர்.

அதற்குப் பிறகு சொன்னார். 1943-இல் சயாம் ரயிலுக்கு, அதாவது ஜப்பான்காரன் சயாமிலிருந்து பர்மாவுக்குப் போட்ட பாதைக்கு, ஆள் பிடித்த சமயம். வேலைக்குப் பேர் கூப்பிடுகிற தோட்டத்துப் பிரட்டுக்களத்தில் கங்காணி வீட்டுக்கு ஒருவர் என்று பேர் வாசித்தார். எங்கள் வீட்டுக்கு வாசித்தது தாத்தா பேரை. வயது 18. "நீ சின்னவன்டா, மூணு மாச வேலைதானே, நான் போய்ட்டு வந்துடறேன்" என்று அவர் அண்ணன் லாரியில் ஏறிவிட்டார். என் பெரியப்பா. திரும்பவில்லை.

415 கிலோமீட்டர் பாதை அந்த அக்டோபரில் முடிந்தது. அதே மாதம் 21-ஆம் தேதி சிங்கப்பூரில் நேதாஜி ஆசாத் ஹிந்த் அரசை அறிவித்தார். தாத்தா நேதாஜி படையில் பேர் கொடுத்தது அதற்கு அடுத்த வாரம். படையில் சேர்ந்தவனை ஜப்பான்காரன் ரயிலுக்கு இழுக்கமாட்டான் என்று தோட்டத்தில் ஒரு பேச்சு. "நேதாஜி பேச்சைக் கேட்டு உடம்பு சிலிர்த்தது நிஜம்மா. பயந்ததும் நிஜம்" என்றார்.

வீரத்தைக் குறைத்துக் காட்டச் சொல்கிறேன் என்று நினைக்காதே. தாத்தாவுக்கு மேடையில் சால்வை போட்டார்கள், கடைசி வரை மடித்து பீரோவில் வைத்திருந்தார், ஒருநாள்கூடப் போர்த்திப் பார்க்கவில்லை. சயாமில் செத்த நம் ஆட்களுக்கு முழுசாகப் பேர்ப்பட்டியல்கூடக் கிடையாது. உன் படத்திலும் பெரியப்பா இல்லை.

அந்தத் தட்டுகிற சத்தத்தைத் திரும்பப் போடு. மீதியை நான் சொல்கிறேன். வரும்போது மைக்கை மட்டும் எடுத்து வா, கேமரா வேண்டாம். பெரியப்பா பேரைச் சொல்லும்போது என் முகம் எப்படிப் போகும் என்று எனக்கே தெரியாது.

அம்மா