பிரசவ விடுதியிலிருந்து ஒரு நன்றி மடல்

குருதி தந்தவர்கள், தீவுப்பகுதிப் படகோட்டிகள், 1990 என்ற இலக்கத்துக்கு அழைத்தால் வரும் அம்புலன்ஸின் ஊழியர்கள், குடும்பநல உத்தியோகத்தர்கள், தராசு வாங்கித் தந்த கடைக்கார ஐயா அனைவருக்கும்,

முதல் நன்றி அந்தத் தராசுக்கு. சீனி நிறுக்கிற சின்னத் தராசுதான். பிள்ளை பிறந்த பிறகு போகும் குருதியைக் கண்ணால் மட்டிட்டால் எப்போதும் குறைத்தே சொல்லுவோம். துணிக்குள் ஊறினது தெரியாது. இப்போது ஒவ்வொரு துணியின் ஓரத்திலும் அதன் உலர்ந்த நிறை எழுதியிருக்கிறது. 30 கிராம் துணி 180 காட்டினால் போனது ஏறக்குறைய 150 மில்லிலீற்றர். கூட்டிக்கொண்டே போய், 500ஐத் தொட்டதும் மணி அடிக்கிறோம்.

நிறைமாதத்தில் கருப்பைக்கு நிமிடத்துக்கு அரை லீற்றருக்கும் மேலே குருதி ஓடும். இளங்கொடி (நஞ்சுக்கொடி) கழன்ற இடத்து நாளங்களை நெரித்து மூடுவது கருப்பைத் தசையின் இறுக்கம். அது தளர்ந்தால் வயிற்றின் மேலாலே கருப்பையைத் தேய்த்துவிட வேண்டும், அதை இறுக்கும் ஒக்சிற்றோசின் ஏற்ற வேண்டும், குருதி உறைவைக் காக்கும் ட்ரனெக்ஸாமிக் அசிட் 1 கிராமை 10 நிமிடத்தில் நாளத்தால் கொடுக்க வேண்டும். பிரசவமாகி 3 மணித்தியாலம் தாண்டினால் அந்த மருந்தால் பயனில்லை. ஒக்சிற்றோசினை 2 முதல் 8 பாகை செல்சியசில் வைக்காவிட்டால் வீரியம் குறையும். ஊசி போட்டும் கருப்பை இறுகாது. குளிர்ப்பெட்டியை அன்றைக்கே வந்து திருத்தித் தந்த தம்பிக்கு இந்த இடத்தில் ஒரு கும்பிடு.

நெடுந்தீவிலிருந்து குறிகட்டுவான் இறங்குதுறைக்கு ஏறக்குறைய ஒரு மணித்தியாலக் கடல். 1990 வாகனம் இறங்குதுறையோடு நின்றுவிடும், மிச்சம் படகுதான். பிறஷர் 160/110க்கு ஏறி, தலையிடியும் கண்மங்கலும் உள்ள தாய்க்குக் கடலில் வலிப்பு வந்தால் ஒன்றும் செய்ய ஏலாது. அதனால் ஏற்றுமுன்பே மக்னீசியம் சல்பேற்று, இரண்டு பிட்டத்திலும் 5 கிராம் வீதம். வலிப்பு வரும் வாய்ப்பை இந்த மருந்து பாதியாகக் குறைக்கும். மருந்து மிஞ்சிவிடாமல், முழங்காலில் தட்டினால் துடிப்பு இருக்கிறதா, மூச்சு நிமிடத்துக்கு 16க்குக் குறையாமல் ஓடுகிறதா என்று பார்த்தபடி, மிஞ்சினால் முறிக்கும் கல்சியம் குளுக்கோனேற்றைக் கையில் வைத்துக்கொண்டு கூட வந்தவர்களுக்கும், தாயை இடப்பக்கம் சரித்துக் கிடத்த இடம் விட்ட படகோட்டிகளுக்கும் நன்றி.

வீட்டிலுள்ள அம்மம்மாமாருக்கும் சொல்ல வேண்டும். பிள்ளை பெற்றவளுக்கு வைக்கும் சரக்குக்கறி நல்லதுதான். ஆனால் பிரசவத்தின் பின் 3 முதல் 6 நாளுக்குள்தான் பிறஷர் உச்சத்துக்குப் போகும். ஒரு மணித்தியாலத்துக்குள் ஒரு துணி நனைதல், நாற்றம், காய்ச்சல், ஒரு காலில் மட்டும் வீக்கம்: இவற்றைக் கண்டு, துடக்கென்று பாராமல், துடக்குக் கழியும் 31ஆம் நாள் முடியட்டும் என்று பொறுக்காமல், கிளினிக் கொப்பியோடு தாயைக் கூட்டிவந்தீர்கள்.

குருதி தந்த பிள்ளைகளே, 4 மாதம் ஆனதும் திரும்ப வாருங்கள். சாப்பிட்டுவிட்டு வாருங்கள். ஓ நெகட்டிவ் உள்ளவர்கள் இரத்த வங்கியில் தொலைபேசி இலக்கத்தையும் கொடுத்துவிட்டுப் போங்கள்.

அன்புடன்,
பிரசவ விடுதித் தாதியரும் மருத்துவமாதரும்
யாழ்ப்பாணம்