வர்த்தகத் திறப்பும் வளர்ச்சியும்: ஆய்வைத் தொடங்கும் ஒருவருக்குக் கடிதம்

அன்புள்ள ஆய்வு மாணவிக்கு,

வளரும் நாடு ஒன்றில் வர்த்தகத் திறப்பு வளர்ச்சியை எப்படிப் பாதிக்கிறது என்பது உங்கள் தலைப்பு. ஏற்றுமதியையும் இறக்குமதியையும் கூட்டி ஜிடிபியால் வகுத்து, வரும் விகிதத்துக்குத் 'திறப்பு' என்று பெயரிட்டு, முப்பது ஆண்டு டேட்டாவில் ஏ.ஆர்.டி.எல். (முந்தைய ஆண்டுகளின் மதிப்புகளையும் சேர்த்துப் பார்க்கும் காலத்தொடர் மாடல்) ஓட்டப்போகிறீர்கள். ஓட்டுவதற்கு முன் அந்த விகிதத்தைக் கொஞ்சம் பிரித்துப் பாருங்கள்.

சிங்கப்பூரில் அது 300 சதவீதத்தைத் தாண்டும். அமெரிக்காவிலோ, இறக்குமதி வரி மிகக் குறைவாக இருந்த காலத்தில்கூட 30 சதவீதத்தைச் சுற்றித்தான் நின்றது. பெரிய நாடு தனக்குள்ளேயே வாங்கி விற்றுக்கொள்ளும். சிறிய துறைமுக நாட்டில் ஒரே சரக்கு உள்ளே வரும்போது ஒரு முறை, வெளியே போகும்போது ஒரு முறை என எண்ணப்படும். ஜிடிபியில் ஏறுவதோ அங்கே கூடிய மதிப்பு மட்டும். ஆக, நாட்டின் அளவையும் இருப்பிடத்தையும்தான் இந்த எண் பெரும்பாலும் சொல்கிறது.

ஒரே நாட்டை மட்டும் எடுத்தால் இந்தச் சிக்கல் வராது என்று நினைக்கலாம். வேறொன்று வரும். ஜிடிபி 1,000, ஏற்றுமதி 150, இறக்குமதி 150 என்று வையுங்கள். விகிதம் 30 சதவீதம். உள்ளூர் நாணயம் சரிந்து டாலர் விலை ஒன்றரை மடங்கு ஆகிறது. டாலர் கணக்கில் வர்த்தகம் மாறவில்லை, ஆனால் உள்ளூர் கணக்கில் அது 450. உள்நாட்டு விலைவாசி ஏறி ஜிடிபி 1,100 ஆனால், விகிதம் 41 சதவீதத்தைத் தொடுகிறது. ஒரு பொருளுக்குக்கூட வரி குறையவில்லை. நாடு நெருக்கடியில் இருக்கிறது. உங்கள் மாடலோ 'திறப்பு கூடியது, வளர்ச்சி குறைந்தது' என்று எழுதிக் கொடுத்துவிடும். கச்சா எண்ணெய் விலை ஏறினாலும் இதே கூத்துதான். பொருளாதார ஆய்வாளர்கள் அல்காலாவும் சிக்கோனேயும் 2004-இல் ஜிடிபியை வாங்கும் திறன் சமநிலையில் (நாடுகளுக்கிடையேயான விலை வேறுபாட்டைச் சரிசெய்து) கணக்கிட்டு வகுக்கச் சொன்னதற்கு, உள்நாட்டு விலைகள் விகிதத்தைக் கோணலாக்குவதே காரணம்.

காரணமும் விளைவும் இடம் மாறுவது தனிச் சிக்கல். வளரும் பொருளாதாரம் இயந்திரம் வாங்கும், எரிபொருள் வாங்கும். வளர்ச்சியே வர்த்தகத்தைக் கூட்டும். இதைச் சமாளிக்க ஃபிராங்கலும் ரோமரும் 1999-இல் நாடுகளுக்கிடையே உள்ள தூரம், பரப்பளவு, மக்கள்தொகை ஆகியவற்றைக் கொண்டு வர்த்தகத்தை மதிப்பிட்டார்கள். நல்ல யோசனை. ஆனால் புவியியல் வர்த்தகத்தின் வழியாக மட்டுமா வருமானத்தைத் தொடுகிறது? நோய், விவசாயம், ஆட்சி அமைப்பு எல்லாவற்றிலும் அதற்குக் கை உண்டு. தவிர, தூரம் ஆண்டுக்கு ஆண்டு மாறாது. ஒரு நாட்டின் காலத்தொடருக்கு இந்தக் கருவி உதவவே உதவாது.

1995-இல் சாக்ஸும் வார்னரும் அமைத்த திறந்த/மூடிய குறியீட்டையும் அப்படியே எடுத்துவிடாதீர்கள். அதில் ஐந்து சோதனைகள்; ஒன்றில் தவறினாலும் நாடு 'மூடியது'. ரொட்ரிகஸும் ரோட்ரிக்கும் அதைப் பிரித்துப் பார்த்தபோது, பலன் பெரும்பாலும் இரண்டிலிருந்து வந்தது தெரிந்தது: கறுப்புச் சந்தையில் டாலருக்கு இருந்த கூடுதல் விலை, முக்கிய ஏற்றுமதியில் அரசின் ஏகபோகம். இறக்குமதி வரியும் அளவுக் கட்டுப்பாடும் அதில் அதிகம் பேசவில்லை. பேரியல் நிர்வாகம் குலைந்த நாடுகளை அது சரியாகப் பிடித்தது, அவ்வளவுதான்.

அரசு கையால் மாற்றுவது வரியை. அதை அளவிடுங்கள். ஆறு இலக்க எச்.எஸ். குறியீட்டில் (சுங்கத்துக்காகப் பொருள்களை வகைப்படுத்தும் உலகப் பட்டியல்) பொருள்வாரியாக வரி விகிதங்களை உலக வங்கியின் 'விட்ஸ்' தளத்திலிருந்து எடுக்கலாம். உலக வர்த்தக அமைப்பிடம் ஒப்புக்கொண்ட உச்சவரம்பு வேறு, உண்மையில் விதிக்கும் வரி வேறு, இரண்டாவதுதான் வேண்டும். எச்.எஸ். பட்டியல் 1996, 2002, 2007, 2012, 2017, 2022 ஆண்டுகளில் திருத்தப்பட்டது. பழைய குறியீட்டையும் புதியதையும் பொருத்தாமல் அடுக்கினால், வரி மாறாத பொருளிலும் மாற்றம் தெரியும். இறக்குமதி அளவை எடையாக வைத்துச் சராசரி எடுப்பது பெரிய பொறி: 5 சதவீத வரிப் பொருள் 100 வருகிறது, 150 சதவீத வரிப் பொருள் வரவே இல்லை என்றால், எடையிட்ட சராசரி 5, எளிய சராசரி 77.5. எந்த வரி கதவை முழுதாக அடைத்ததோ, அதுவே கணக்கிலிருந்து மறைந்துவிடுகிறது.

அடுத்து, இறுதிப் பொருளின் வரியையும் இடுபொருளின் (அதைச் செய்யத் தேவையான மூலப்பொருள், பாகங்கள்) வரியையும் தனித்தனியாகப் பிரியுங்கள். ஆய்வின் உயிர் இங்கேதான். உலக விலையில் 100-க்கு விற்கும் பொருள், அதில் 60 இடுபொருள், மதிப்புக்கூட்டல் 40. பொருளுக்கு 20 சதவீதம், இடுபொருளுக்கு 10 சதவீதம் வரி என்றால் 120-இலிருந்து 66 போக 54, அதாவது 40-ஐவிட 14 கூடுதல்: பெயரளவில் 20, உண்மைப் பாதுகாப்பு 35 சதவீதம். பொருளின் வரியை மட்டும் 5 ஆக்கினால் 105-இலிருந்து 66 போக 39. உள்ளூர்த் தொழிலுக்கு இப்போது பாதுகாப்பு இல்லை, தண்டனைதான். 'நாட்டைத் திறந்தோம், ஆலை மூடியது' என்னும் புகார்களில் ஒரு பங்கு இந்தத் தலைகீழ் வரிதான் என்பது என் கணிப்பு.

இந்தோனேசியத் தொழிற்சாலைகளை ஆராய்ந்த அமிதியும் கோனிங்ஸும் (2007), இடுபொருள் வரி 10 புள்ளி குறைந்தால் இறக்குமதி இடுபொருளைப் பயன்படுத்தும் ஆலைகளின் உற்பத்தித்திறன் சுமார் 12 சதவீதம் கூடுவதாகக் கண்டார்கள். இறுதிப் பொருள் வரியைக் குறைத்துக் கிடைக்கும் பலனைப் போல இது இரு மடங்குக்கும் குறையாது. இந்தியாவின் 1991 வரிக்குறைப்பு ஆய்வாளர்களுக்குப் பிடித்ததற்கும் காரணம் உண்டு. சர்வதேச நாணய நிதியத்தின் நிபந்தனையின் கீழ் அவசரமாக வந்ததால், எந்தத் தொழில் யாரைப் பிடித்து வரியைக் காத்துக்கொண்டது என்ற சந்தேகம் குறைவு. 1997-க்குப் பிறகு அப்படிச் சொல்ல முடியாது.

ஏ.ஆர்.டி.எல். வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால் நான்கு மாறிகள், ஒவ்வொன்றுக்கும் நான்கு லேக் (முந்தைய ஆண்டுகளின் மதிப்பு) என்று விட்டால், மாறிலியோடு மதிப்பிடவேண்டிய கெழுக்கள் 20. 30 ஆண்டில் லேக்குக்குப் போக மிஞ்சும் அவதானிப்புகளோ 26. லேக்கை இரண்டோடு நிறுத்துங்கள். ஏதேனும் ஒரு மாறி இரண்டாம் வேறுபாட்டில்தான் (மாற்றத்தின் மாற்றத்தில்தான்) நிலைபெறுகிறது என்றால், மாறிகளுக்கிடையே நீண்டகால உறவு உண்டா என்று பார்க்கும் பவுண்ட்ஸ் சோதனை செல்லாது. அந்தச் சோதனைக்கான பெசரன், ஷின், ஸ்மித் அட்டவணை பெரிய மாதிரிக்கானது. 30 முதல் 80 அவதானிப்புகள் வரை நாராயண் (2005) தந்த அட்டவணையைப் பாருங்கள். சீர்திருத்த ஆண்டில் தொடர் முறிந்திருக்கும். அந்த முறிவையும் கணக்கில் எடுக்கும் சிவட்–ஆண்ட்ரூஸ் சோதனையில்லாமல் யூனிட் ரூட் முடிவை (தொடர் நிலையானதா இல்லையா என்பதை) நம்பவேண்டாம்.

தேசிய சராசரி மறைப்பதையும் பாருங்கள். இந்தியாவில் வரிக்குறைப்பின் தாக்கம் அதிகம் பட்ட கிராமப்புற மாவட்டங்களில் வறுமை மற்ற இடங்களைவிட மெதுவாகக் குறைந்ததாக டோபலோவா 2010-இல் காட்டினார். பிரேசிலில் வரிக்குறைப்பால் அடிவாங்கிய பகுதிகளின் ஊதியமும் முறைசார்ந்த வேலையும் மீளவில்லை. இருபது ஆண்டுகளில் இடைவெளி கூடிக்கொண்டே போனது. ஆட்கள் வேறு ஊருக்கு எளிதில் நகராததும், மூலதனம் மெதுவாகவே இடம் மாறியதும் இதற்குக் காரணங்கள். மாவட்டவாரி டேட்டா கிடைத்தால், வரிக்குறைப்பு ஒவ்வொரு மாவட்டத்தையும் எவ்வளவு தொட்டது என்று கணக்கிட, தொழில்வாரி வேலைவாய்ப்புப் பங்கைச் சீர்திருத்தத்துக்கு முந்தைய கணக்கெடுப்பிலிருந்தே எடையாக எடுங்கள். வெளிநாட்டு வர்த்தகத்துக்கு வராத சேவைத் துறைகளுக்குப் பூஜ்ய வரி என்று போட்டுவிடாதீர்கள். அவற்றை விலக்கிவிட்டு மிச்சப் பங்குகளை நூறுக்குக் கொண்டுவந்து கணக்கிடுங்கள். இல்லையென்றால் சேவைத் துறையில் அதிகம் பேர் வேலை செய்யும் மாவட்டமெல்லாம் வரிக்குறைப்பே தொடாத மாவட்டமாகத் தெரியும்.

அன்புடன்.